திரிசூலம் வழியாகத் தாம்பரம்

மேற்குத் தாம்பரத்தில் ஹில்டாவைத் தெரிந்தவர்கள் எல்லோருக்கும் அவள் அந்தமானில் இருந்தாள். சனிக்கிழமை தோறும் மாலை ஐந்து மணிக்கு ஒரு கிறிஸ்தவச் சேனலில் அவளைப் பார்க்கவும் செய்தார்கள். ஓலைக் கொட்டகைக்கு முன்னால் உட்கார்ந்து மீன் கழுவுவாள். தென்னங்கன்றுக்குத் தண்ணீர் ஊற்றுவாள். அரிக்கேன் விளக்கைத் துடைத்துக்கொண்டே, பட்டணத்தை விட்டு வந்ததில் தனக்கு ஒரு குறையும் இல்லை என்பாள். பின்னால் அரை மணி நேரமும் அலை அடித்துக்கொண்டே இருக்கும். இதில் பாதிக்கு மேல் எடுத்தது கூடுவாஞ்சேரியில். தாம்பரத்திலிருந்து எலக்ட்ரிக் ரயிலில் நாலாவது ஸ்டேஷன். அலைச் சத்தம் மட்டும் அந்தமானுடையது. அதை ஒரு முழுக் கேசட்டில் பிடித்து வந்திருந்தான் அவள் கணவன் ஜெபசீலன்.

ஜெபசீலன் கல்யாண வீடியோக்காரன். எண்பது பேர் வந்த கல்யாணத்தை எண்ணூறு பேர் வந்ததாகக் காட்டுவதில் கெட்டிக்காரன். காலி நாற்காலி அவன் கேமராவுக்குள் வரவே வராது. அழாத மணப்பெண்ணையும் அழ வைத்துவிடுவான். இவ்வளவு திறமைக்கு மண்டபத்து டைனிங் ஹாலில் பந்தி எடுத்துக்கொண்டு கிடப்பதா என்று அவனுக்குள் ஒரு புழுக்கம். நாற்பது வயதில் அது முற்றியது. தாம்பரத்துக் குடும்பம் ஒன்று எல்லாவற்றையும் விட்டுவிட்டுத் தீவுக்குக் குடிபோகிறது, அந்த வாழ்க்கையைத் தானே படம் பிடிக்கிறது என்று சேனல்காரர்களிடம் போய்ச் சொன்னான். பதிமூன்று வாரத்துக்கு ஒத்துக்கொண்டார்கள். குடும்பம் என்பது ஹில்டா ஒருத்திதான், பிள்ளை இல்லை. அவளிடம் விஷயத்தைச் சொன்னது சேனல்காரர்கள் சரி என்ற பிறகு.

அவளும் வேண்டாம் என்று ஒற்றைக் காலில் நின்றுவிடவில்லை. நர்சரி ஸ்கூலில் ஒன்பது வருஷமாக ஒரே ரைம்ஸைச் சொல்லிச் சொல்லி அவளுக்கும் அலுத்துப் போயிருந்தது. வேலையை எழுதிக் கொடுத்துவிட்டு வந்தாள். புறப்படுவதற்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் இவர்களுக்காக ஜெபம் பண்ணினார்கள். வெளியே வந்ததும் அண்ணன் ஜாய்சன், அத்தனை பேர் நடுவில், மூன்று மாசம் தாக்குப்பிடித்தால் பெரிய விஷயம் என்று சிரித்தான். சுற்றி நின்றவர்களும் சிரித்தார்கள். அவள் அப்பா தனசிங் மட்டும் சிரிக்கவில்லை. ரயில்வேயில் முப்பத்தைந்து வருஷம் எலக்ட்ரீஷியனாக இருந்து ரிட்டயரானவர், அதிகம் பேசாதவர். என் மகள் போனா போனதுதான், நீ வேணா பாரு என்று மகனிடம் சொல்லிவிட்டுக் குடையை விரித்துக்கொண்டு நடந்தார். ஹில்டா அந்த ஒரு வார்த்தையை மூட்டை கட்டித் தன்னோடு கப்பலில் எடுத்துப் போனாள்.

தீவில் ஏழு வாரம் இருந்தார்கள். போர்ட் பிளேரிலிருந்து படகில் இரண்டு மணி நேரம் போகவேண்டிய இடம். கரண்ட் சாயங்காலத்தில் கொஞ்ச நேரம் வரும். கேமரா பேட்டரி போடுவதா, மிக்ஸி போடுவதா என்று அதற்குள் சண்டை வரும். லென்சில் பூஞ்சை பிடித்தது. ஹில்டாவுக்கு மலேரியா பிடித்தது. அவள் நடுங்கிக்கொண்டு கிடந்ததையும் ஜெபசீலன் எடுத்தான், பிறகு சேனல்காரர்கள் சோகம் வேண்டாம் என்பார்கள் என்று அழித்துவிட்டான். ஊருக்குப் போய்விடலாம் என்று முதலில் சொன்னது ஹில்டாதான். யாருக்கும் தெரியாமல் போகலாம் என்றது ஜெபசீலன்.

வளைகுடாவில் இருந்த சிநேகிதன் ஒருவனின் வீடு கூடுவாஞ்சேரியில் பூட்டிக் கிடந்தது. மொத்த லே-அவுட்டிலும் நாலே வீடு. தாம்பரத்துக்காரன் கூடுவாஞ்சேரிக்கு எதற்கு வரப்போகிறான், மனை பார்க்கத்தான் வருவான் என்று ஜெபசீலன் தைரியம் சொன்னான். அது வாஸ்தவம்தான். ஞாயிற்றுக்கிழமைகளில் கம்பெனி வேனில் ஆட்களை ஏற்றி வந்து, கையில் பிரியாணிப் பொட்டலத்தைக் கொடுத்து, கல் நட்ட பொட்டலைச் சுற்றிக் காட்டுவார்கள். அன்றைக்கெல்லாம் ஹில்டா ஜன்னலைச் சாத்திக்கொண்டு உள்ளே கிடப்பாள். மற்ற நாட்களில் கொல்லைப் பக்கம் போட்ட ஓலைக் கொட்டகையில் தீவு வாழ்க்கை வாழ்வாள். ரயில் ஹாரன் அடித்தால் நிறுத்தி, போன பிறகு மறுபடியும் வாழவேண்டும். கடல் தேவைப்பட்டால் விடியற்காலையில் கோவளத்துக்குப் போய், வலையும் படகும் தெரியாத ஓரமாக நின்று எடுத்துக்கொண்டு வந்தார்கள்.

இதெல்லாம் வெட்கக்கேடு என்று அவளுக்குத் தோன்றாமல் இல்லை. தோன்றும்போதெல்லாம் சர்ச் வாசலில் ஜாய்சன் சிரித்த சிரிப்பு காதில் கேட்கும். பதிமூன்று வாரம் முடிந்ததும், ஒப்பந்தம் முடிந்து வந்தோம் என்று தலை நிமிர்ந்து இறங்கிவிடலாம். அதுவரைக்கும் பல்லைக் கடித்துக்கொண்டு இருக்கவேண்டியதுதான் என்று சமாதானம் செய்துகொள்வாள். போர்ட் பிளேரில் வாங்கின சிம் கார்டைக் கழற்றாமல் வைத்திருந்தார்கள். ஞாயிற்றுக்கிழமை நாலு மணிக்கு அதிலிருந்து அப்பாவுக்குப் போன் போடுவாள். அங்கே மழையா என்று கேட்பார். ஆமாப்பா, கொட்டுது என்பாள், கூடுவாஞ்சேரி வெயிலில் வேர்த்து ஊற்றிக்கொண்டு.

தனசிங் சனிக்கிழமை நாலரைக்கே டிவி முன்னால் நாற்காலியைப் போட்டுவிடுவாராம். பக்கத்து வீட்டு ஞானாம்பாள் மாமியையும் கூப்பிட்டு உட்கார வைத்து, மாமி, அது சாதாரணக் கடல் இல்லை, ஆயிரத்து இருநூறு கிலோமீட்டர் தள்ளி இருக்கிற கடல் என்று விளக்கம் சொல்வாராம். மெடிக்கல் ஷாப்பில் சொன்னார், முடிவெட்டுகிற இடத்தில் சொன்னார், பென்ஷன் வாங்கப் போன பேங்க்கிலும் சொன்னார். வாழ்க்கையில் எதற்கும் பெருமைப்படாத மனிதருக்கு, ரிட்டயராகிப் பத்து வருஷம் கழித்து வாய் திறந்து பீற்றிக்கொள்ள ஒன்று கிடைத்திருந்தது.

ஏப்ரல் கடைசியில் அவருக்கு மூச்சுத் திணறல் வந்தது. ஐந்து நாள் ஆஸ்பத்திரியில் இருந்துவிட்டு வீட்டுக்கு வந்தார். இதயம் பலவீனமாக இருக்கிறது, எதையும் அதிரச் சொல்லாதீர்கள் என்று டாக்டர் சொல்லி அனுப்பினாராம். ஹில்டாவுக்கு வீட்டில் இருப்புக் கொள்ளவில்லை. ஜெபசீலன் இன்னும் மூன்றே வாரம் என்றான். அவனுக்குத் தெரியாமல் ஒரு நாள் மத்தியானம், முந்தானையைத் தலையில் போட்டுக்கொண்டு ரயில் ஏறினாள். அப்பாவைத் தெருவிலிருந்து பார்த்துவிட்டுத் திரும்பினால்கூடப் போதும் என்று நினைத்தாள். வண்டலூரில் சர்ச் கொயரில் பாடுகிற புஷ்பம் அதே பெட்டியில் ஏறினாள். ஹில்டா முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டு, பெருங்களத்தூரில் இறங்கி, எதிர்ப்பக்கம் வந்த ரயிலைப் பிடித்து வந்து சேர்ந்தாள். அந்த ஞாயிற்றுக்கிழமை அப்பா போனில் சிரித்தார். புஷ்பம் உன்னை மாதிரியே ஒருத்தியை ரயிலில் பார்த்தாளாம், என் மகள் நடுக்கடலில் இருக்கிறாள், போய்க் கண் டாக்டரைப் பார் என்று சொல்லி அனுப்பினேன் என்றார். சிரித்த பிறகு மூச்சு வாங்க அவருக்கு வெகுநேரம் ஆயிற்று. தன் பொய்யை அப்பா இப்படித் தாங்கிப் பிடித்துக்கொண்டிருக்கிறாரே என்று அன்றைக்கு அவள் தன்னையே அடித்துக்கொண்டாள். ஆனாலும் போகவில்லை.

மே மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை, காலை ஆறு மணி தாண்டிப் பத்து நிமிஷம் இருக்கும், ஜாய்சன் போன் செய்தான். குரலில் கேலியெல்லாம் இல்லை.

"ஹில்டா, அப்பாவுக்கு ரொம்ப முடியல. டாக்டர் வீட்டுக்கு வந்து பாத்துட்டு, ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டுப் போயும் பிரயோஜனம் இல்லன்னுட்டாரு. உன்னைத்தான் கேக்கறாரு. எப்படியாவது கிளம்பி வாம்மா."

அவள் பதில் சொன்னாள். யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை, பக்கத்தில் ஜெபசீலன் தூங்கிக்கொண்டிருந்தான். மூன்று மாதப் பழக்கம், வாய் தானாகப் பேசியது.

"முதல் போட்டைப் பிடிச்சுடறேண்ணா. போர்ட் பிளேர்ல காலை பிளைட் இருக்கு. பன்னண்டு, பன்னண்டரைக்குள்ள வீட்ல இருப்பேன்."

போனை வைத்த பிறகுதான் தான் என்ன செய்துவிட்டோம் என்று அவளுக்கு உறைத்தது. அடுத்த ரயிலைப் பிடித்தால் ஏழு மணிக்கு அப்பா பக்கத்தில் உட்கார்ந்திருக்கலாம். பன்னிரண்டரை என்று தன் வாயாலேயே சொல்லித் தொலைத்திருந்தாள்.

ஏழு மணிக்குக் குளித்துப் புடவை கட்டிக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். போகலாம், என்ன ஆனாலும் ஆகட்டும் என்றாள். ஜெபசீலன் கத்தவில்லை. கத்தியிருந்தால் அவள் எழுந்து போயிருப்பாள். அவன் பக்கத்தில் உட்கார்ந்து, மெதுவாகத்தான் பேசினான்.

"போகலாம் ஹில்டா. நான் தடுக்கல. ஆனா இப்ப போய் நின்னா எப்படி இவ்ளோ சீக்கிரம் வந்தன்னு கேப்பாங்க. மூணு மாசமா பக்கத்துலயே இருந்தோம்னு அவர் காதுல விழும். அதிர்ச்சி கூடாதுன்னு டாக்டர் சொல்லியிருக்காரே, அதைத் தாங்குவாரா? சந்தோஷமா உன்னை எதிர்பாத்துட்டு இருக்காரு. அஞ்சு மணி நேரம்தான்."

இதில் எந்த வார்த்தையையும் அவளால் பொய் என்று தள்ள முடியவில்லை. அப்பா மேல் அவளுக்கு இருந்த பாசத்தையே எடுத்து அவள் காலைக் கட்டிப்போட்டான். வேண்டுமென்று செய்தானா, அவனே அப்படி நம்பினானா என்று அவளுக்குக் கடைசிவரை தெரியாது. மாமனார் மேல் அவனுக்கும் பிரியம் உண்டு. அவள் சுவர்க் கடிகாரத்துக்கு எதிரே உட்கார்ந்திருந்தாள். எட்டரைக்கு ஜாய்சனுக்கு ஒரு தடவை போன் செய்யலாமா என்று எடுத்தாள். அந்த நேரத்தில் விமானத்துக்குள் நுழைகிற சமயம், போன் வராதே என்று அணைத்து வைத்துவிட்டாள்.

பத்து மணிக்குப் புறப்பட்டார்கள். இரண்டு சூட்கேஸ், ஒரு கேமரா பை. டிக்கெட் கவுண்டரில் ஜெபசீலன் திரிசூலத்துக்கு இரண்டு என்று கேட்டபோது அவளுக்கு முதலில் புரியவில்லை. விமானத்தில் வந்தவர்கள் ஸ்டேஷனிலிருந்து நடந்து வந்தால் நன்றாகவா இருக்கும் என்றான். தாம்பரத்தைத் தாண்டித் திரிசூலத்தில் இறங்குவது. எதிரே ஏர்போர்ட்டில் டாக்ஸி எடுத்து அதே ரோட்டில் திரும்பி வருவது. தெருக்கோடி கடைக்காரன் முதல் எல்லோரும் ஏர்போர்ட் டாக்ஸியைப் பார்ப்பார்கள். பொய்யைச் செய்வதானால் திருத்தமாகச் செய்யவேண்டும் என்பதில் மனிதன் ஒழுங்கானவன்.

ரயில் பத்து நாற்பதுக்குத் தாம்பரத்தில் நின்றது. அங்கே எப்போதும் கொஞ்சம் கூடுதலாக நிற்கும். பாதிப் பெட்டி இறங்கிப் போனது. வெள்ளரிப் பிஞ்சுக்காரி ஏறினாள். ஹில்டா எழுந்து கதவருகே வந்து கம்பியைப் பிடித்துக்கொண்டாள். படி ஏறி, மேற்குப் பக்கம் இறங்கி, முடிச்சூர் ரோட்டில் ஒரு ஆட்டோ பிடித்தால் ஐந்து நிமிஷம். ஜெபசீலன் கையைப் பிடித்து இழுக்கவில்லை. சூட்கேஸ்களுக்கு நடுவே உட்கார்ந்தபடி அவளைப் பார்த்துக்கொண்டிருந்தான், அவ்வளவுதான். அவள் மணியைப் பார்த்தாள். பன்னிரண்டரைக்கு இன்னும் எவ்வளவு நேரம் இருக்கிறது என்று மனசு கணக்குப் போட்டது. இப்போது போனால் சீக்கிரம் வந்தது மாதிரி ஆகிவிடும் என்று நினைத்தாள். ரயில் நகர்ந்தது. திரும்பி வந்து உட்கார்ந்தாள்.

டாக்ஸிக்காரருக்குப் பேச்சுத் துணை வேண்டியிருந்தது. எங்கேயிருந்து வர்றீங்க என்றார். ஜெபசீலன் அந்தமான் என்றான்.

"அந்தமானா? அங்க இன்னா சார் கீது? வேலயா, சும்மா சுத்திப் பாக்கவா?"

அங்கேயே குடியிருப்பதாக ஜெபசீலன் சொன்னான். பல்லாவரத்தில் சிக்னல், குரோம்பேட்டையில் ரோட்டைத் தோண்டிப் போட்டிருந்தார்கள். வண்டி அங்குலம் அங்குலமாக நகர்ந்தது. அவ்வளவு நேரமும் டாக்ஸிக்காரர் தீவைப் பற்றிக் கேட்டுக்கொண்டும் ஜெபசீலன் சொல்லிக்கொண்டும் வந்தார்கள். ஹில்டா வாயில் கைக்குட்டையை வைத்து அழுத்திக்கொண்டிருந்தாள்.

தெருவுக்குள் திரும்பியதும் பிளாஸ்டிக் நாற்காலிகளை ஒரு தட்டு ரிக்ஷாவிலிருந்து இறக்கிக்கொண்டிருந்தார்கள். அப்பா வீட்டு வாசலில்தான். ஜெபசீலன் மடியில் வைத்திருந்த கேமராப் பையைக் காலடியில் தள்ளிவிட்டு ஓவென்று அழ ஆரம்பித்தான். அந்த அழுகையில் நடிப்பு இல்லை. ஹில்டா கதவைத் திறந்துகொண்டு, வண்டி நிற்பதற்குள் இறங்கி ஓடினாள்.

மணி பன்னிரண்டு இருபது. சொன்ன நேரத்துக்கு வந்துவிட்டாள்.

அண்ணி கிறிஸ்டி அவளைக் கட்டிக்கொண்டாள். இவ்வளவு தூரத்திலிருந்து இதற்கு மேல் யாராலும் சீக்கிரம் வந்திருக்க முடியாது என்று கூடியிருந்தவர்கள் ஆளுக்கு ஆள் சொன்னார்கள். ஒருத்தி தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள். ஞானாம்பாள் மாமி அவள் காலைத் தடவி, பிரயாணத்தில் வீங்கிப் போயிருக்கிறது பார் என்றாள். கிறிஸ்டி அழுகைக்கு நடுவே நடந்ததைச் சொன்னாள்.

"விடிஞ்சதுலேந்து உன் பேச்சுதான் ஹில்டா. பிளைட்ல வர்றா மாமான்னு சொல்லிட்டோம். அப்புறம் மேல எந்தப் பிளேன் சத்தம் கேட்டாலும், இதுலயான்னு கேப்பாரு. இது இல்ல மாமா, அடுத்ததுன்னு சொல்லுவோம். பத்தே முக்காலுக்குக்கூட ஒண்ணு போச்சு. கையை மேல காட்டுனாரு. ஆமா மாமா, இதான், இறங்கிட்டான்னு சொன்னேன். அப்படியே கண்ணை மூடிட்டாரு. பதினோரு மணிக்குப் போயிட்டாரு."

பத்தே முக்கால். வெள்ளரிப் பிஞ்சுக்காரி பக்கத்தில் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்ற நேரம். ஹில்டா அப்பாவின் முகத்தைப் பார்த்தாள். அவர் மகளுக்காகக் காத்திருந்துதான் போயிருந்தார், அது முகத்திலேயே தெரிந்தது. அவளுக்கு அழுகை வரவில்லை. பாவம், அலுப்பு என்று சொல்லி அவளை உள் அறையில் படுக்க வைத்தார்கள்.

மூன்று மணிக்கு ஜாய்சன் கொல்லைப் பக்கம் முகம் கழுவ வந்தபோது அவள் பின்னாலேயே போனாள். கதவைச் சாத்தினாள். இதைச் சொல்லாமல் இனி ஒரு நாள்கூட மூச்சு விட முடியாது என்று அவளுக்கு ஆகியிருந்தது. அவன் அடித்தாலும் சரி, காறித் துப்பினாலும் சரி, அதை வாங்கிக்கொண்டால்தான் அப்பா முன்னால் உட்கார முடியும் என்று நினைத்தாள்.

"அண்ணா, நான் அந்தமான்லேந்து வரல. கூடுவாஞ்சேரிலேந்து வரேன். மூணு மாசமா அங்கதான் இருக்கோம். நீ காலைல போன் பண்ணப்பவும் அங்கதான் இருந்தேன்."

ஜாய்சன் குழாயை மூடவில்லை. தண்ணீர் வாளியில் நிறைந்து வழிந்து அவன் காலை நனைத்தது. அவள் அடிக்காகக் காத்திருந்தாள். கடைசியில் அவன் துண்டால் முகத்தை அழுத்தித் துடைத்துக்கொண்டு, யாருக்கும் கேட்காத குரலில் பேசினான்.

"இதை என்கிட்ட சொன்னதோட நிறுத்திக்கோ. வேற யார்கிட்டயும் வாயைத் திறக்காத. இந்த ஊர்ல ஒருத்தர் பாக்கி இல்லாம அப்பா சொல்லி வெச்சிருக்காரு. நாளைக்கு அடக்கத்துக்கு அத்தனை பேரும் வருவாங்க. நீ உண்மையைச் சொன்னா, அந்த மனுஷன் பொய் சொல்லிட்டுத் திரிஞ்சாருன்னு ஆயிடும்."

அவ்வளவுதான் சொன்னான். குழாயை மூடிவிட்டு உள்ளே போனான். வீட்டுக்குள் போய் ஜெபசீலனைத் தோளில் தொட்டு, மச்சான், நாகர்கோவில் சொந்தக்காரங்க நிறைய பேரால வர முடியாது, அடக்கத்தை நீங்களே வீடியோ எடுத்துடுங்க என்று சாதாரணமாகச் சொன்னது கொல்லை வரைக்கும் கேட்டது. ஹில்டா துவைக்கிற கல்லின் மேல் உட்கார்ந்தாள். அவன் திட்டியிருந்தால் தேவலை என்று இருந்தது. இனிமேல் இந்தப் பொய் ஜெபசீலனுடையதும் இல்லை, அவளுடையதும் இல்லை, அப்பாவுடையதாகிவிட்டது. அதை அவளால் தொடக்கூட முடியாது.

மறுநாள் மாலை அடக்கம். நல்ல கூட்டம், ஜெபசீலனின் சாமர்த்தியத்துக்கு வேலையே இல்லை. பேங்க்கிலிருந்துகூட ஒருவர் வந்திருந்தார். பாஸ்டர் தனசிங்கின் நேர்மையைப் பற்றிப் பேசினார். தகப்பனைப் பார்க்கக் கடல் தாண்டி ஓடி வந்த மகளுக்குக் கர்த்தர் ஆறுதல் தரவேண்டும் என்று ஜெபம் பண்ணினார். எல்லோரும் ஆமென் என்றார்கள். ஜாய்சனும் சொன்னான். சவப்பெட்டி இறங்கும்போது ஹில்டா மூன்று பிடி மண் போட்டாள்.

கல்லறைத் தோட்டத்து வாசலில் வரிசையாக வந்து கையைப் பிடித்துக்கொண்டார்கள். வெள்ளைச் சட்டை போட்ட ஒரு பெரியவர், ரயில்வேயில் அப்பாவோடு வேலை பார்த்தவர் போலிருக்கிறது, அவள் கையை விடாமல் வைத்துக்கொண்டார். உங்களைப் பத்திப் பேசாத நாளே இல்லம்மா, உங்க படத்தை ஒரு வாரம்கூட விடாம நானும் பாப்பேன், அவரு பாக்கச் சொல்லி அனுப்புவாரு என்றார். பிறகு எப்போது திரும்பிப் போகிறீர்கள் என்று கேட்டார். ஜெபசீலன் கொஞ்சம் தள்ளிக் கேமராவைத் தோளில் வைத்துக்கொண்டு நின்றான். அவன் வாயைத் திறப்பதற்குள் ஹில்டாவே சொன்னாள்.

"அடுத்த வாரம் கப்பல் இருக்கு சார். அதுல போறோம்."

"இந்த சீசன்ல கடல் எப்படிம்மா இருக்கும்?"

"கொஞ்சம் ஆட்டம் ஜாஸ்தியா இருக்கும். முதல் நாள்தான் கஷ்டம், அப்புறம் பழகிடும்" என்றாள்.